உறக்கத்தை விற்று எழுத்தா?

"எழுத்தில் மெய்யான தாகமுள்ளவர், குழந்தைகள் உறங்கிய பின் நள்ளிரவுவரை விழித்தேனும் எழுதியே தீருவார்; நேரமில்லை என்பது சோம்பலின் சாக்கு" என்பது பலரும் சொல்லும் வாதம். அதை ஏற்பதற்கில்லை; காரணங்கள் மூன்று.

முதலாவது, வயது வந்தோர்க்கு 7 மணி நேர நித்திரையேனும் அவசியம் என்று வைத்திய சாஸ்திரம் கூறியிருக்க, விடியலில் பால் காய்ச்சிப் பிள்ளையைப் பள்ளிக்கு அனுப்ப வேண்டிய ஒரு தாய், கண்ணெரிய எழுதிய பக்கத்தை மறுநாள் தானே கிழித்தெறிவாளாயின், அந்தத் தியாகத்தின் பிரயோசனம் என்ன?

இரண்டாவது, இவ்வாதம் செய்வோர் திருஷ்டாந்தமாகக் காட்டும் ஆங்கில நாவலாசிரியர் ஆந்தனி டிரோலோப், தபால் இலாகா உத்தியோகத்துக்கிடையே தினமும் அதிகாலை 5.30 மணிக்கு மேசையில் அமர்ந்து, கால் மணிக்கு 250 சொற்கள் வீதம் எழுதியவர்தாம். ஆயினும் அவரைத் துயிலெழுப்புவதற்கென்றே ஆண்டுக்கு 5 பவுன் அதிகமாகப் பெற்ற பணியாள் ஒருவர் இருந்ததை, 1883இல் வெளியான அவருடைய சுயசரிதையே தெரிவிக்கிறது. நம் வீடுகளில் தொட்டிலை ஆட்டுவது யார்? இந்தக் கேள்வியை ஏன் ஒருவரும் கேட்பதில்லை?

மூன்றாவது, தாகத்தை விழித்த மணிகளால் அளப்பதே பிழை. பாத்திரம் துலக்கும் வேலையைக் கணவர் ஏற்றால் மாலையில் அரை மணி மிஞ்சும். அதில் நாளுக்கு 100 சொற்கள் எழுதினாலும் ஆண்டுக்கு 36,500 ஆகும். பத்து மணிக்கு விளக்கையும் அணைத்துவிடலாம்.