பூட்டு யாருடையது?

கொல்லிமலைத் தேவனூர் நாட்டிலே ஒருவர் தம் காரின் சாவியைத் தொலைத்துவிட்டால், அரத்தால் ராவிய மாற்றுச் சாவி உதவாது. சாவியினுள் பொதிந்த சில்லின் இரகசியக் குறியை யந்திரம் ஒப்புக்கொண்டாலன்றி வண்டி ஓடாது. கள்ளரைத் தடுக்கும் இவ்வேற்பாட்டை நாம் குறை கூறவில்லை. ஆனால் புதுச் சாவியைப் பதிய, எழுபது கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து கம்பெனி ஏஜெண்டின் தயவை நாட வேண்டுமா?

இரகசியமே காவல் என்பது கம்பெனிகளின் வாதம். 2013-இல், மெகாமோஸ் என்னும் சில்லின் பலவீனத்தைக் கண்ட அறிஞர்களின் கட்டுரைக்கு வோக்ஸ்வாகன் கம்பெனி லண்டன் கோர்ட்டில் இடைக்காலத் தடை பெற்றது. கட்டுரை 2015-இல்தான் வெளிவந்தது. தடையினால் பூட்டு பலப்பட்டதா? இல்லை, சொந்தக்காரரே இருளில் வைக்கப்பட்டனர்.

2022-இல் பழுதுநீக்கும் உரிமைக்கெனக் குழு அமைத்த இந்திய சர்க்கார், பதிவுச் சான்று காட்டும் சொந்தக்காரருக்குச் சாவிக் குறியை அளிக்கச் சட்டமியற்றுக. காவற்காரன் வீட்டுக்காரனையே வெளியில் நிறுத்தலாகாது.