டோங் லீ சீனர் அல்லர்

2011 தீபாவளிக்கு வந்த ‘ஏழாம் அறிவு’ படத்தில், பார்வையாலேயே ஆளைக் கட்டிப்போடும் வில்லன் டோங் லீயை மறந்திருக்க மாட்டீர்கள். அப்போது பாலர் பள்ளியில் இருந்தவர்கள்கூட பின்னர் தொலைக்காட்சியில் பார்த்திருப்பீர்கள். கதைப்படி அவர் சீனாவிலிருந்து வந்தவர். நடித்த ஜானி டிரி நுயென் ஒரு வியட்நாமியர்.

வியட்நாமில் பிறந்து, சிறு வயதில் குடும்பத்தோடு அமெரிக்காவுக்குப் போனவர். தற்காப்புக் கலையில் ஊறிய குடும்பம். ஹாலிவுட்டில் அவருக்குக் கிடைத்ததோ சண்டைக் கலைஞர் வேலை. ‘ஸ்பைடர்மேன் 2’ அவற்றுள் ஒன்று. விழுவதும் அடிபடுவதும் ஒருவர், திரையில் தெரியும் முகம் இன்னொருவருடையது. அந்தத் தொழில் அப்படி. 2005இல் தாய்லாந்துப் படமான ‘டோம் யம் கூங்’கில் டோனி ஜாவோடு மோதினார். முகம் தெரிந்தது, ஆனால் அங்கேயும் எதிரணி ஆள்தான்.

2007இல் அண்ணன் சார்லி நுயென் இயக்கிய ‘தி ரெபெல்’ வந்தது. பிரெஞ்சு ஆட்சிக் காலத்து வியட்நாமின் கதை, வியட்நாமிய மொழியிலேயே. ஜானிதான் கதாநாயகன். சென்னை அவரை அழைத்தது இதற்குப் பிறகே. தாய்மொழியில் அந்தப் படம் வராமல் இருந்திருந்தால், அழைப்பு வந்திருக்குமா என்பது என் சந்தேகம்.

ஒரு வருத்தமும் உண்டு. தமிழ்ப்படம் அவரை வியட்நாமியராகப் பார்க்கவில்லை. ‘சீன முகம்’ ஒன்று தேவைப்பட்டது, அவ்வளவுதான். 2014இல் ‘இரும்புக் குதிரை’யிலும் வில்லன் வேடமே. தமிழகத்தில் இருப்பவர்களுக்கு வேண்டுமானால் வித்தியாசம் தெரியாமல் போகலாம். சாஆ போன்ற சிற்றூரில், ஒரே காலையில் தமிழும் மலாயும் மாண்டரினும் காதில் விழ வளரும் நமக்குமா? மலாய் நாடகத்தில் இந்தியர் என்றாலே ஒரே மாதிரி தலையாட்டிப் பேசும் பாத்திரம் வரும்போது நமக்கு எவ்வளவு எரிச்சல் வருகிறது!

நடிக்கப் போகிறேன் என்று சொல்லும் பிள்ளைகள் பலர், அடுத்த மூச்சில் சென்னை என்கிறார்கள். போகட்டும், தவறில்லை. ஆனால் மலாயில் ஒரு காட்சியைத் தடுமாறாமல் பேச வருமா? உங்கள் தோட்டத்தை, உங்கள் தாமானை வைத்து ஐந்து நிமிடக் குறும்படமாவது எடுத்ததுண்டா? சஞ்சய் குமார் பெருமாளின் ‘ஜகாட்’ நம் ஊர்த் தமிழிலேயே பேசியது. தோட்டத்தை விட்டு வெளியேறிய குடும்பங்களின் கதை அது. 2016இல் மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியத் திரைப்பட விருதைப் பெற்றது.

ஜானிக்கு ஹாலிவுட் நேரம் எடுத்துக்கொண்டது. 2020இல் ஸ்பைக் லீயின் ‘டா 5 பிளட்ஸ்’ படத்தில் வின் என்ற வழிகாட்டியாக வந்தார். இந்த முறை வியட்நாமியராகவே.