நம்பிக்கையும் நிவாரணமே

2024 ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் மெத்தனால் கலந்த சாராயம் 60-க்கும் மேற்பட்ட உயிர்களைப் பறித்தது. இறந்தோர் குடும்பத்துக்குத் தலா 10 லட்சம் ரூபாயும், பெற்றோரை இழந்த பிள்ளைகளுக்கு மாத உதவித்தொகையும் அறிவிக்கப்பட்டன. வழக்கு சி.பி.ஐ. வசம் சென்றது. அருகிலுள்ள கல்வராயன் மலை மக்களின் நிலை குறித்துச் சென்னை உயர் நீதிமன்றம் தாமாகவே முன்வந்து விசாரித்தது. எல்லாம் தேவையானவையே. ஆனால், பணத்தாலும் ஆணையாலும் மட்டும் ஓர் ஊரின் நம்பிக்கையை மீட்டுவிட முடியாது.

மெத்தனால் நஞ்சில் சில மணி நேரத் தாமதம்கூடக் கண்பார்வையைப் பறிக்கும். ஆனால், நம்பிக்கை இல்லாத இடத்தில், வழக்குக்கும் அவமானத்துக்கும் அஞ்சும் குடும்பம் குடித்ததையே மறைக்கும். வாசலில் நின்றபடி, படிவத்தைப் பார்த்து "எவ்வளவு நாளாகக் குடிக்கிறார்?" என்று கேட்பவரிடம் எந்தப் பெண்ணும் மனம் திறக்க மாட்டார். திண்ணையில் உட்கார்ந்து, பிள்ளையின் படிப்பை விசாரித்து, சொன்னதை வெளியே சொல்லாதவரிடம்தான் உண்மை வரும். காது கொடுத்துக் கேட்பதும் ரகசியம் காப்பதும் சமூகப் பணியின் அடிப்படைத் திறன்கள்.

கல்வராயன் மலையில் இந்தத் திறன்கள் இன்னும் அவசியம். காக்கிச் சட்டையைச் சோதனைக்கு வரும்போது மட்டுமே பார்த்த, அங்குள்ள மலையாளிப் பழங்குடியினர், அடையாள அட்டையோடு வரும் எவரையும் சந்தேகிப்பதில் வியப்பில்லை.

ஆகவே, இந்தப் பணிக்கு ஆள் மாறிக்கொண்டே இருக்கும் தற்காலிக நியமனங்கள் போதா. மலை இளைஞர்களையே தேர்ந்தெடுத்து, முறையான பயிற்சியும் நிரந்தரப் பணியும் தந்து, சமூகப் பணியாளர்களாக அமர்த்த அரசு முன்வர வேண்டும்.