பதின்மூவர் கேட்ட வீடு

நகராட்சி என்று பெயர் சூட்டி மக்கள் கையில் அதிகாரத்தைத் தந்தோம். அந்த அதிகாரம் ஒரு வீட்டு வாயிலில் வந்து நின்று, சுவரின் உறுதியைப் பார்க்காமல், குடிபுக வருபவன் முகத்தைப் பார்க்குமானால் அதற்கு என்ன பெயர்? கட்டட ஒழுங்கா? தீண்டாமையா?

அமெரிக்க நாட்டு டெக்சாஸ் மாநிலத்திலே கிளீபர்ன் என்றொரு நகர். 1980ஆம் ஆண்டு அங்கே நான்கு படுக்கையறை கொண்ட வீடொன்று வாங்கப்பட்டது. அறிவு வளர்ச்சி குன்றிய ஆடவரும் பெண்டிருமாகப் பதின்மூவர், பணியாளரின் இடையறாத மேற்பார்வையில் அங்கு வாழட்டும் என்பது ஏற்பாடு. மாட மாளிகையோ கூட கோபுரமோ கேட்டாரில்லை. குடியிருக்க ஒரு கூரை!

சிறப்பு அனுமதி பெற்று வா என்றது நகராட்சி. அதே இடத்தில் அடுக்குமாடி எழுப்பலாம், தங்கும் விடுதி நடத்தலாம், முதியோர் மனை வைக்கலாம். அந்த அனுமதி எதற்கும் தேவையில்லை. பித்தர் மருத்துவமனை, குடிப்பழக்கத்தார் விடுதி, சிறைக்கூடம் என்ற வரிசையிலே இவர்களையும் சேர்த்து எழுதியிருந்தது விதி. இவர்கள் செய்த குற்றம்? பிறந்தது! 200 அடிக்குள் சொத்துடையோரின் கையொப்பமும் வேண்டுமாம். ஆண்டுதோறும் புதுப்பிக்கவும் வேண்டுமாம். மன்றத்தில் மூவர் மறுத்தனர். ஒருவர் மட்டுமே ஆதரித்தார்.

காட்டிய காரணங்களைக் கேளுங்கள். அண்டை வீட்டார் அஞ்சுகின்றனராம். ஐந்நூறு ஆண்டுக்கொரு முறை வரக்கூடிய வெள்ளம் எட்டும் நிலமாம். வெள்ளம் வந்தால், முதியோர் மனையை விட்டுவிட்டு இந்தப் பதின்மூவரை மட்டும் தேடி வருமோ? எதிரே பள்ளிக்கூடம் இருக்கிறது, மாணவர் இவர்களைத் துன்புறுத்தக் கூடும் என்பது இன்னொன்று. அந்தப் பள்ளியிலேயே இத்தகைய மாணவர் ஏறத்தாழ 30 பேர் படித்துக் கொண்டிருந்தனர்! நானும் ஒரு பள்ளி ஆசிரியன். கேலி பேசும் சிறுவனைக் கண்டிப்போம், திருத்துவோம். கேலிக்கு ஆளானவனை வகுப்பைவிட்டு வெளியேற்றும் ஆசிரியன் உண்டா? உண்டென்றால் அவனையல்லவா வெளியேற்ற வேண்டும்!

மக்கள் தேர்ந்தெடுத்த மன்றத்தின் முடிவிலே நீதிமன்றம் தலையிடலாமா என்று கேட்போர் நம்மிடையேயும் உண்டு. சாலை எவ்வழி செல்ல வேண்டும், சாக்கடை எங்கே அமைய வேண்டும் என்பதைப் பெரும்பான்மை முடிவு செய்யட்டும். அயலில் குடிவருபவன் மனிதன்தானா என்பதை முடிவு செய்யும் உரிமையை அதற்குத் தந்தவர் யார்? 1924இல் வைக்கத்திலே கோயில் தெருக்களை அடைத்தவர்களும் ஊர் வழக்கம் என்றுதானே உரைத்தார்கள்! சான்பிரான்சிஸ்கோவில், மரக்கட்டடத்தில் சலவைக்கூடம் நடத்த அனுமதி கேட்ட சீனர் சுமார் 200 பேருக்கும் மறுத்து, மற்றவர்க்கு வழங்கிய நகர அதிகாரிகளும் பாதுகாப்பு என்றே பேசினர். 1886இல் உச்சநீதிமன்றம் அந்தத் திரையைக் கிழித்தது.

கிளீபர்ன் வழக்கிலே மாவட்ட நீதிமன்றம் நகராட்சியின் பக்கம் நின்றது; மேல்முறையீட்டில் முடிவு மாறியது. 1985 ஜூலை 1 அன்று உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. அண்டை வீட்டாரின் வெறுப்பும் அச்சமும் அனுமதி மறுக்கப் போதிய காரணமாகா. பகுத்தறிவுக்கு ஒவ்வாத வெறுப்பே இந்த மறுப்பின் அடிப்படை என்று நீதிபதி வைட் எழுதினார். அந்த வீட்டுக்கு அனுமதி மறுத்தது செல்லாது என்பதில் ஒன்பது நீதிபதிகளும் ஒன்றுபட்டனர்.

வெற்றிதான், ஆயினும் முழு வெற்றியா? கறுப்பினக் குழந்தைகளுக்காகப் பள்ளி வழக்கில் வாதாடி 1954இல் வென்றவர் தர்குட் மார்ஷல். அவரும் அப்போது நீதிபதியாக வீற்றிருந்தார். இந்த ஒரு வீட்டின் அளவில் மறுப்பைத் தள்ளியது போதாது, இவர்களை ஒதுக்கும் விதியையே வீழ்த்தியிருக்க வேண்டும் என்று அவர் தனியே எழுதினார். விதி நின்றுவிட்டால், அடுத்த வீடு கேட்போர் மீண்டும் மனுவேந்தி மன்றத்தின் படியேற வேண்டும். மறுத்தால் மீண்டும் வழக்கு. ஐந்தாண்டு வழக்காடப் பொருளும் துணையும் இல்லாத பதின்மூவர் எத்தனை ஊரில் இருப்பார்களோ!