காலைச் செய்தி யாருக்காக?

பெயர் மாறிற்று. நிறம் மாறிற்று. மெருகு ஏறிற்று. ஆனால் எது மாற வேண்டும் என்று மட்டும் மக்களை யாரும் கேட்கவில்லை!

2024 ஜனவரி 19-ஆம் நாள் சென்னைக்கு வந்த பிரதமர் நரேந்திர மோடி, தமிழ் மக்கள் பல்லாண்டுகளாகப் 'பொதிகை' என்று அழைத்து வந்த தொலைக்காட்சியை 'டிடி தமிழ்' என்ற புதுப் பெயரோடு தொடங்கி வைத்தார். மூன்று திங்கள் முடியுமுன், ஏப்ரலில், 'டிடி நியூஸ்' அலைவரிசையின் சின்னம் சிவப்பிலிருந்து காவிக்குத் தாவியது. நாடாளுமன்றத் தேர்தல் களம் சூடேறியிருந்த வேளை அது. "புதுப்பொலிவு" என்றார்கள். பொலிவு வேண்டாம் என்று நாம் சொல்ல மாட்டோம். பழைய வீட்டுக்கு வெள்ளையடிப்பது நல்லதுதான். ஆனால் கூரை ஒழுகுகிறதா என்று பார்க்காமல் சுவருக்குச் சாயம் பூசுகிறவரை என்னென்பது?

காலைச் செய்தியைப் பற்றித்தான் சொல்கிறோம்.

மாலைச் செய்தி நடந்து முடிந்ததைச் சொல்வது. காலைச் செய்தியோ நடக்கப் போகும் நாளுக்கு மனிதனை ஆயத்தப்படுத்துவது. வயலுக்குப் போகலாமா, ஆற்றங்கரைக்குப் போகக் கூடாதா, மாங்காயைப் பறிக்கலாமா, இரண்டு நாள் பொறுக்கலாமா என்று ஏழை எளியவன் முடிவு செய்யும் வேளை காலை வேளை. அந்த வேளையில் அவன் காதில் விழுகிற சொல்லுக்கு மதிப்பு அதிகம். அதனால்தான் உலகமெங்கும் தொலைக்காட்சிக்காரர்கள் காலை நேரத்தைப் பிடிக்கப் போட்டி போடுகிறார்கள்.

அமெரிக்காவில் 1952 ஜனவரி 14-ஆம் நாள் என்.பி.சி. நிறுவனம் 'டுடே' என்ற காலை நிகழ்ச்சியைத் தொடங்கியது. முதலில் பார்ப்பவர் அதிகமில்லை. மறு ஆண்டு ஒரு சிம்பன்சிக் குரங்கைக் கொண்டுவந்து செய்தியாளர் பக்கத்தில் உட்கார வைத்தார்கள். கூட்டம் சேர்ந்தது! எதிர் நிறுவனமான சி.பி.எஸ். சும்மா இருக்குமா? 1954-இல் தானும் ஒரு காலை நிகழ்ச்சி கண்டது. பிற்காலத்தில் அந்நாடே நம்பிய பெருஞ்செய்தியாளர் வால்ட்டர் கிராங்கைட்டை, ஒரு பொம்மைச் சிங்கத்தோடு உரையாட விட்டது. அதற்குப் பிறகு அந்நிறுவனம் காலை நிகழ்ச்சிக்கு எத்தனை முறை பெயர் மாற்றியிருக்கிறது, எத்தனை முறை ஆள் மாற்றியிருக்கிறது! 2012-இல் ஒரு பெயர், 2021-இல் இன்னொரு பெயர். பிரிட்டனில் 1983-இல், இரண்டே வார இடைவெளியில், பி.பி.சி.யும் டிவி-ஏ.எம். என்ற தனியார் நிறுவனமும் காலை ஒளிபரப்பில் இறங்கின.

அந்த அமெரிக்க நிறுவனத்தார் வணிகர்கள், விளம்பரக் காசுக்காக வேடம் மாற்றுகிறார்கள். குரங்கு காட்டிக் கூட்டம் சேர்ப்பது சந்தைக்கு அழகாக இருக்கலாம். ஆனால் மக்கள் வரிப்பணத்தில் நடக்கும் தூர்தர்ஷனுக்கு அந்த அவசியம் என்ன?

நம் நாட்டில் 1959 செப்டம்பர் 15 அன்று டில்லியில் தொலைக்காட்சி பிறந்தது. சென்னைக்கு அது வந்து சேரப் பதினாறு ஆண்டுகள் ஆயின. 1975 ஆகஸ்ட் 15-இல்தான் சென்னை நிலையம் கண் விழித்தது. காலை ஒளிபரப்பு 1987 பிப்ரவரி 23-இல் தொடங்கியது. அதுவரை தமிழனின் காலையை ஆண்டது வானொலி. காலை 7.15 மணிச் செய்தி என்றால், தேநீர்க் கடையில் பேச்சு நிற்கும். டில்லியிலிருந்து தமிழில் வந்த அந்தக் குரல்களில் சரோஜ் நாராயணசுவாமியின் குரலை அறியாத ஊர் உண்டா? ஒரு குரங்கும் தேவைப்படவில்லை; ஒரு பொம்மைச் சிங்கமும் தேவைப்படவில்லை. மொழி தெளிவாக இருந்தது, நேரம் தவறாமல் வந்தது, மக்கள் நம்பினார்கள்.

அந்த நேரத்துக்குத்தான் வந்தது ஆபத்து!

2020 நவம்பர் இறுதியில் பிரசார் பாரதியிடமிருந்து ஓர் ஆணை பிறந்தது. மாநில மொழித் தொலைக்காட்சிகள் அனைத்தும் நாள்தோறும் காலை 7.15 மணி முதல் 7.30 மணி வரை, டில்லியிலிருந்து வரும் சமஸ்கிருதச் செய்தியை ஒளிபரப்ப வேண்டும் என்பதே அந்த ஆணை. இதுவும் ஒரு 'புதுப்பொலிவு'!

2011-ஆம் ஆண்டு மக்கள் தொகைக் கணக்கை எடுத்துப் பாருங்கள். சமஸ்கிருதத்தைத் தாய்மொழி என்று பதிவு செய்தவர் இந்தியா முழுமைக்கும் 24,821 பேர். தமிழ்நாட்டில் 803 பேர். தமிழைத் தாய்மொழி என்று சொன்னவரோ ஆறு கோடியே தொண்ணூறு லட்சம் பேர்! காலை வேளையின் கனிந்த கால் மணி நேரத்தை 803 பேருக்கு எடுத்துக் கொடுத்துவிட்டு, மற்றவரைக் காத்திருக்கச் சொல்வது எந்த ஊர் நியாயம்?

ஒரு மொழியின் மீது நமக்குப் பகையில்லை. வானொலியில் 1974 முதலே சமஸ்கிருதச் செய்தி உண்டு. விரும்புவோர் கேட்கட்டும். அதற்கென்று ஓர் அலைவரிசை வைத்தாலும் நாம் குறுக்கே நிற்க மாட்டோம். நம் கேள்வி வேறு. தமிழ்நாட்டின் காலை நேரத்தைப் பங்கு போடும் உரிமையை டில்லிக்குக் கொடுத்தது யார்? சென்னை நிலையத்தைக் கேட்டார்களா? பார்க்கிற மக்களைக் கேட்டார்களா?

"பிடிக்காவிட்டால் பெட்டியை மூடிவிடலாமே!" என்கிறார்கள் சிலர். மூடிவிடலாம்தான். ஆனால் அவன் எதை மூடுகிறான் என்பதை எண்ணிப் பார்த்தார்களா?

காவேரிப்பட்டினத்துக்கு வாருங்கள், சொல்கிறோம்.

பெயரைக் கேட்டதும் சோழ நாட்டுப் பூம்புகார் நினைவுக்கு வரும். இது அதுவல்ல. கிருஷ்ணகிரி மாவட்டத்தில், தருமபுரிச் சாலையில், தென்பெண்ணைக் கரையில் இருக்கும் சிற்றூர். பெயரில் காவேரி, பாய்வது தென்பெண்ணை! சுற்றிலும் மாந்தோப்புகள். விடியுமுன்னே ஓசூருக்கும் பர்கூருக்கும் போச்சம்பள்ளிக்கும் தொழிற்சாலைப் பேருந்துகளில் ஏறும் இளைஞர்களும் பெண்களும். முதல் ஷிப்டுக்குப் போகிறவர் ஒருபுறம். இரவு ஷிப்டு முடிந்து கண் சிவக்கத் திரும்புகிறவர் மறுபுறம். இரண்டு கூட்டமும் சந்திக்கும் இடம் தேநீர்க் கடை. மாதக் கட்டணம் இல்லாத தூர்தர்ஷன் தட்டு இத்தகைய ஊர்களில் ஏழை வீட்டுக் கூரைக்கு எட்டுகிற பொருள். எந்தப் பெட்டியை மூடச் சொல்கிறார்கள்? இவர்கள் பெட்டியைத்தான்!

இவர்களுக்குக் காலையில் தெரிய வேண்டியது என்ன?

முதலாவது, ஆறு. தென்பெண்ணை பிறப்பது கர்நாடகத்து நந்தி மலையில். பெங்களூரின் ஓரத்தைத் தொட்டு, ஓசூர் அருகே தமிழ்நாட்டுக்குள் நுழைந்து, கெலவரப்பள்ளி அணையில் தங்கி, கிருஷ்ணகிரி அணையைக் கடந்து, காவேரிப்பட்டினத்தைத் தழுவி, சாத்தனூர் வழியாகக் கடலூரில் கடல் சேர்கிறது. பெங்களூரில் கொட்டுகிற மழை இங்கே வெள்ளம். பெங்களூர் கொட்டுகிற கழிவு கெலவரப்பள்ளியில் நுரை. ஆகவே காவேரிப்பட்டினத்து உழவனுக்கு உள்ளூர்ச் செய்தி அண்டை மாநிலத்தில் தொடங்குகிறது! மாநில எல்லையோடு நின்றுவிடும் செய்தியால் அவனுக்குப் பயனென்ன?

2017 நவம்பர் இறுதியில் கிருஷ்ணகிரி அணையின் மதகு ஒன்று உடைந்து தண்ணீர் பெருகியது. இப்படிப்பட்ட நாளில் கரையோர மக்களுக்கு வேண்டியது ஒரே ஒரு நம்பத்தக்க குரல். 2024 டிசம்பர் தொடக்கத்தில் ஃபெஞ்சல் புயல் கரை கடந்த பின், இதே மாவட்டத்து ஊத்தங்கரையில் ஒரே நாளில் 50 சென்டிமீட்டர் மழை கொட்டியது; நிறுத்தி வைத்திருந்த வண்டிகளை வெள்ளம் உருட்டிக்கொண்டு போயிற்று. அந்த டிசம்பர் 2-ஆம் நாள் விடியுமுன்னே சாத்தனூர் அணையிலிருந்து நொடிக்கு 1.68 லட்சம் கன அடி நீர் திறக்கப்பட்டது. கீழே திருவண்ணாமலை, விழுப்புரம், கடலூர் மாவட்டங்கள் தத்தளித்தன. முன்னறிவிப்பு போதுமா போதாதா என்று பின்னர் பெரும் வாக்குவாதம் நடந்தது. அதில் யார் பக்கம் நியாயம் என்பதல்ல இங்கே நம் வாதம். இருட்டில் திறந்த தண்ணீர் விடியலில் வீட்டு வாசலுக்கு வருகிறது. அந்த விடியலில், அந்தந்த ஊரின் பெயரைச் சொல்லி எச்சரிக்க ஒரு காலைச் செய்தி இருக்க வேண்டுமா, வேண்டாமா? இதுவே நம் கேள்வி.

இரண்டாவது, விலை. 2025 ஜூனில் ஆந்திரத்தின் சித்தூர் மாவட்ட நிர்வாகம் வெளிமாநிலத் தோத்தாப்புரி மாங்காய் உள்ளே வரக் கூடாது என்று தடை போட்டது. கிருஷ்ணகிரி மாவட்டத் தோப்புகளில் நிறையக் காய்ப்பதும் அதே காய்தான்; கூழ் ஆலைக்குப் போவதும் அதுதான். லாரியில் ஏற்றிய பிறகு தெரிந்தால் நட்டம். பறிப்பதற்கு முன்னே தெரிந்தால் பிழைப்பு. இரண்டுக்கும் நடுவே இருப்பது ஒரு காலைச் செய்தி! ராயக்கோட்டைத் தக்காளிக்கும் இதே கதைதான். பங்குச் சந்தைப் புள்ளி ஏறியதும் இறங்கியதும் சொல்லத் தெரிந்தவர்களுக்கு, தக்காளிச் சந்தை தெரியாமல் போவானேன்?

"கைப்பேசி வந்துவிட்டது, இனிக் காலைச் செய்தி எதற்கு?" என்று கேட்பாரும் உண்டு. கைப்பேசி செய்தியைத் தருகிறது. வதந்தியையும் அதே வேகத்தில் தருகிறது. "அணை உடைந்துவிட்டது" என்று ஒருவன் அனுப்புகிறான். "இல்லை" என்று இன்னொருவன் அனுப்புகிறான். ஊர் எதை நம்பும்? பொறுப்போடு பேசும் பொதுக் குரல் ஒன்று இருந்தால்தான் வதந்தி வாயடைக்கும். அந்தக் குரல் ஒரு கட்சியின் நிறத்தைப் பூசிக்கொண்டால், புயல் வருகிறது என்று அது உண்மையைச் சொன்னாலும் பாதிப் பேர் நம்ப மாட்டார்கள். சின்னத்தின் நிறத்தை நாம் கண்டிப்பது அதனால்தான். கண்ணுக்கு உறுத்துகிறது என்பதற்காக அல்ல. நம்பிக்கையை அரிக்கிறது என்பதற்காக!

நேர்மையாக ஒன்றைச் சொல்லியாக வேண்டும். தனியார் தொலைக்காட்சிகளின் காலையும் பெருமைப்படத் தக்கதாக இல்லை. 1993 ஏப்ரல் 14-இல் சன் டிவி வந்த பிறகு தமிழ் வீடுகளுக்குக் காலைத் தொலைக்காட்சி பழகிப் போயிற்று. இன்று அலைவரிசைகள் பல பெருகிவிட்டன. திருப்பிப் பாருங்கள்: ஒன்றில் ராசி பலன், ஒன்றில் தங்க விலை, ஒன்றில் நேற்றிரவு நடந்த வாய்ச்சண்டையின் மறு ஒளிபரப்பு. கட்சிச் சார்புடைய அலைவரிசைகளில் தலைவர்களின் பேச்சு. நம் பக்கத்து அலைவரிசையானாலும் இதை மறைக்க நாம் ஒருப்படோம். பகுத்தறிவு பேசிவிட்டு விடிந்ததும் ராசி பலன் ஒளிபரப்பினால், டில்லியைக் கேள்வி கேட்கும் நம் குரல் கம்மிவிடாதா? நம் வீட்டையும் நாம் பெருக்கத்தான் வேண்டும்.

ஆனால் தனியாருக்கு இல்லாத கடமை பொதுத் தொலைக்காட்சிக்கு உண்டு. அது நாம் சுமத்துகிற கடமை அல்ல. நாடாளுமன்றமே சுமத்திய கடமை. 1990-ஆம் ஆண்டு பிரசார் பாரதிச் சட்டத்தின் 12-ஆம் பிரிவைப் படித்துப் பாருங்கள். பொது நலன் குறித்த எல்லாவற்றையும் உண்மையாகவும் நடுநிலையாகவும் அறியும் குடிமக்களின் உரிமையைக் காக்க வேண்டும் என்கிறது. வேளாண்மைக்கும் கிராம முன்னேற்றத்துக்கும் தனிக் கவனம் வேண்டும் என்கிறது. பல்வேறு பகுதிகளின் மொழிகளுக்கு அந்தந்த மொழியிலேயே இடம் தர வேண்டும் என்கிறது. சட்டம் நன்றாகத்தான் இருக்கிறது. சட்டத்தைப் படிக்க வேண்டியவர்கள்தான் சாயக் கடைக்குப் போய்விட்டார்கள்!

எனவே நாம் கேட்பது இவை:

காலைச் செய்தியின் முதல் கால் மணி நேரம் மாவட்டங்களுக்கே உரியதாகட்டும். டில்லியும் சென்னையும் அடுத்து வரட்டும்.

மழைக் காலத்தில் நாள்தோறும் அணைகளின் நீர்மட்டமும் திறக்கும் நீரின் அளவும், ஆற்றின் மேற்பகுதியில் பெய்த மழையும், கீழே கவனமாக இருக்க வேண்டிய ஊர்களின் பெயர்களும் சொல்லப்படட்டும்.

மாங்காய், தக்காளி, பூ ஆகியவற்றின் சந்தை நிலவரம், தங்க விலைக்கு முன்னால் வரட்டும்.

ஓசூர், தளி, தேன்கனிக்கோட்டைப் பகுதிகளில் தெலுங்கும் கன்னடமும் வீட்டு மொழியாகக் கொண்ட மக்கள் ஏராளம். வெள்ள எச்சரிக்கை அவர்கள் மொழியிலும் ஐந்து மணித்துளி ஒலிக்கட்டும். நமக்குக் கேட்கிற உரிமையை நம் பக்கத்து வீட்டுக்காரனுக்கும் சேர்த்துக் கேட்பதே மொழிக் கொள்கை.

விடிகாலை ஷிப்டுக்குப் போகிற பாட்டாளிக்காக ஐந்தரை மணிக்கே ஒரு சுருக்கச் செய்தி வரட்டும். அவன் புறப்பட்ட பிறகு வருகிற காலைச் செய்தி அவனுக்குக் காலைச் செய்தியல்ல!

எல்லாவற்றுக்கும் மேலாக, தமிழ்நாட்டின் காலை நேரத்தில் எது வர வேண்டும் என்பதைச் சென்னை நிலையம் முடிவு செய்யட்டும். டில்லியின் சுற்றறிக்கை முடிவு செய்ய வேண்டாம்.

இவற்றுக்குப் புது அரங்கம் வேண்டியதில்லை. புது நிறமும் வேண்டியதில்லை. மாவட்டத்துக்கு ஒரு செய்தியாளர், கையில் ஒரு படக் கருவி, மக்களின் கவலையைத் தன் கவலையாக நினைக்கும் மனம் ஆகிய மூன்றும் போதும்.

பெயரை எத்தனை முறை வேண்டுமானாலும் மாற்றிக்கொள்ளட்டும். தென்பெண்ணைக் கரையில் நிற்கும் ஒருவன், நாளை விடியலில், "ஆற்றில் இறங்கலாமா?" என்று அந்தப் பெட்டியைப் பார்த்துக் கேட்கிறான். அவன் மொழியில், அவன் ஊர்ப் பெயரைச் சொல்லி, நேரத்தில் பதில் வருமானால், அன்றைக்கு நாமே முன்வந்து சொல்வோம், தொலைக்காட்சி புதுப்பொலிவு பெற்றுவிட்டது என்று!