அசேலியாவும் எங்க ஊர் மண்ணும்

போன வருடம் ஊட்டி டூரில் நண்பர்கள் எல்லோரும் வர்க்கியும் தைலமும் வாங்க, நான் மட்டும் ஒரு அசேலியா தொட்டியை மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸில் காஞ்சிபுரம் வந்து சேர்ந்தேன். நான்கே மாதம். இலை மஞ்சளாகி, நரம்பு மட்டும் பச்சையாக நின்று, கடைசியில் குச்சிதான் மிச்சம். "உங்க ஊர் வெயில் அப்படி" என்றார்கள். வெயிலும் ஒரு காரணம்தான், மறுக்கவில்லை. ஆனால் மண்ணும் தண்ணீரும்தான் முதல் குற்றவாளி என்பது என் கட்சி.

அசேலியாவும் ரோடோடென்ட்ரானும் ஒரே பேரினம். நம் நீலகிரி, பழனி மலைகளின் உயரத்தில் ஒரு வகை தானாகவே வளர்கிறது. காட்டுப் பூவரசு என்பார்கள், ரத்தச் சிவப்பில் பூக்கும். அங்கே மழை கொட்டிக் கொட்டி மண்ணிலுள்ள சுண்ணாம்பை அடித்துக்கொண்டு போய்விடுகிறது. குளிரில் இலைதழை மெதுவாக மக்கிக் கறுப்பாகத் தங்குகிறது. ஆகவே அமில மண். இந்தச் செடி கேட்கும் பி.எச். அளவு சுமார் 4.5 முதல் 6 வரை. அதற்கு மேல் போனால், மண்ணில் இரும்புச் சத்து இருந்தும் வேரால் எடுக்க முடியாது. இலையில் சோறு இருக்கு, கை கட்டியிருக்கு என்கிற கதை. மஞ்சள் இலையின் ரகசியம் அதுதான்.

நான் செய்தது என்ன? கொல்லை மண்ணை அள்ளிப் பெரிய தொட்டிக்கு மாற்றினேன். எங்கள் கொல்லையில் பழைய சுவர் இடிந்த சுண்ணாம்புக் காரை ஏகத்துக்கும் கலந்திருக்கிறது. பிற்பாடு ஒருநாள் அந்த மண்ணில் வினிகர் ஊற்றிப் பார்த்தேன், சோடா மாதிரி நுரைத்தது! போதாக்குறைக்கு போர் தண்ணீர், கொதிக்க வைத்தால் பாத்திரம் வெள்ளையாகிவிடும். அம்மா வேறு பாசத்தில் முட்டை ஓடும் வெந்நீர் அடுப்புச் சாம்பலும் போட்டார்கள். இரண்டுமே மண்ணின் அமிலத்தைக் குறைப்பவை. ஏகாம்பரநாதர் கோயிலில் மண்ணையே லிங்கமாகக் கும்பிடுகிற ஊர்க்காரன், மண்ணைப் பார்க்காமல் செடி வாங்கினேன் :-)

கந்தகத் தூள் போடு என்றார் ஒருவர். மண்ணிலுள்ள பாக்டீரியா அதை அமிலமாக்கும் என்பது உண்மைதான், ஆனால் மாதக்கணக்கில் ஆகும். பி.எச். 7.5-ஐ 5.5 ஆக்குவது என்றால் அமிலத்தன்மை 100 மடங்கு கூட வேண்டும். தினமும் போர் தண்ணீரில் சுண்ணாம்பை ஊற்றிக்கொண்டே இதைச் செய்வது ஓட்டைப் பானையில் தண்ணீர் பிடிப்பதுதான்.

"அப்போ ஊட்டி சோலை மண்ணையே ஒரு மூட்டை கொண்டு வாடா" என்றான் இன்னொருவன். இதை வன்மையாகக் கண்டிக்கிறேன். காடு நெடுங்காலமாகச் சேர்த்து வைத்ததை நம் ஒரு தொட்டிக்காகச் சுரண்டுவது அநியாயம். அதுவும் போர் தண்ணீர் பட்டால் கெட்டுத்தான் போகும்.

என்னைக் கேட்டால், எங்கள் ஊரில் இதைத் தரையில் நடவே கூடாது. நிழலில், தொட்டியில்தான், அதிலும் ஊர் மண் ஒரு பிடிகூட வேண்டாம். உப்பு போக அலசிய தென்னை நார்த் தூள், நன்றாக மக்கிய இலை, தண்ணீர் தேங்காமலிருக்கக் கொஞ்சம் பருமணல் (அதையும் வினிகர் ஊற்றிப் பார்த்துவிட்டு). வேர் தலைமுடி மாதிரி மெல்லியது, மேலாகவே படரும். தொட்டி ஆழத்தைவிட அகலம் முக்கியம், கொத்திவிடவும் கூடாது. ஊற்றுவதற்கு மழைநீர். வீட்டுக்கு வீடு மழைநீர் சேகரிப்பு 2003-லேயே கட்டாயமாச்சே, அந்தக் குழாயை ஒரு டிரம்மில் திருப்பினால் ஆச்சு. இவ்வளவும் முடியாது என்பவர்கள் பேசாமல் செம்பருத்தி வைக்கலாம்.

நான் டிரம் வாங்கியாச்சு. செடி இன்னும் வாங்கவில்லை. ஐப்பசி மழையில் டிரம் நிறையட்டும்.