தாமதத்தை மன்னிப்பவர் யார்?

நில வழக்கில் தோற்றவர் காலங்கடந்து மேல்முறையீடு செய்தால், அதனுடன் ஒரு மனுவும் இணைத்தாக வேண்டும். தமிழில் அதைத் ‘தாமத மன்னிப்பு மனு’ என்கிறார்கள். கோளாறு பெயரிலேயே தொடங்குகிறது. மன்னிப்பு என்பது இழப்புக்கு ஆளானவர் மனமுவந்து வழங்குவது. இங்கே இழப்பு, பல்லாண்டு வழக்காடித் தீர்ப்புப் பெற்றவருக்கு. மன்னிப்பவரோ நீதிபதி. அடுத்தவர் பட்ட அடியை இன்னொருவர் மன்னிக்கும் விந்தை இது.

1963ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டம் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய 90 நாள்களும், ஏனைய நீதிமன்றங்களில் 30 நாள்களும் தருகிறது. தீர்ப்பு நகல் பெற ஆகும் நாள்கள் இக்கணக்கில் சேர்வதில்லை. அதன் பிறகும் ‘போதிய காரணம்’ காட்டினால் மேல்முறையீட்டை ஏற்க 5ஆம் பிரிவு இடமளிக்கிறது. இந்த வாசல் தேவையானதே. தனக்கெதிராகத் தீர்ப்பானதையே அறியாத கைம்பெண்ணுக்கும், நோயில் வீழ்ந்த உழவருக்கும், வழக்கறிஞரால் கைவிடப்பட்ட குத்தகையாளருக்கும் அது திறந்தே இருக்க வேண்டும். அவர்களுக்கென வைத்த வாசலில் யார் யாரெல்லாம் நுழைகிறார்கள் என்பதே கேள்வி.

1987இல் அனந்தநாக் நில எடுப்பு வழக்கில் உச்ச நீதிமன்றம் தாராள அணுகுமுறையை வகுத்தது. தாமதமாக மேல்முறையீடு செய்வதால் வழக்காடுபவருக்குப் பொதுவாக ஆதாயமில்லை என்பது அதன் அடிப்படைகளுள் ஒன்று. அவ்வழக்கில் தாமதம் 4 நாள்கள். நான்கு நாள்களுக்கு அக்கூற்று பொருந்தும். சொத்து வழக்கில், ஆயிரம் நாள்களுக்கு அது பொருந்தாது. நிலத்தைச் சுவாதீனத்தில் வைத்திருப்பவருக்கு ஒவ்வொரு நாளும் விளைச்சல், ஒவ்வொரு மாதமும் வாடகை. தாமதமே அவருக்கு வருமானம். நான்கு நாளுக்குப் பிறந்த கருணை நாலாயிரம் நாளுக்கு நீட்டப்பட்டதுதான் தவறு.

இது மிகைக் கூற்றன்று. கர்நாடக வீட்டுவசதி வாரியம் ஒரு நில வழக்கில் 3,966 நாள்கள், ஏறக்குறைய 11 ஆண்டுகள், தாமதமாக இரண்டாம் மேல்முறையீடு செய்தது. உயர் நீதிமன்றம் அதை மன்னித்தது. 2025இல்தான் உச்ச நீதிமன்றம் அந்த ஆணையை நீக்கியது. வென்றவர், தம் வெற்றி செல்லும் என்பதை நிலைநாட்டவே உச்ச நீதிமன்றம் வரை செல்ல வேண்டியிருந்தது.

இம்மனுக்களின் மொழியையும் கவனிக்க வேண்டும். ‘கோப்பு தவறிப்போயிற்று’, ‘கருத்துரு நிலுவையில் இருந்தது’, ‘தாமதம் ஏற்பட்டுவிட்டது’. ‘தவறவிட்டார்’ என்றெழுதினால் யார் என்ற கேள்வி எழும். ‘தவறிப்போயிற்று’ என்றெழுதினால் எழாது. கோப்புக்குக் கால் முளைக்கிறது, அலுவலர் மறைந்துபோகிறார். எழுவாயற்ற வாக்கியம் எவ்வாறு போதிய காரணமாகும்?

அரசு நிலம் மக்கள் சொத்து, ஓர் அலுவலரின் சோம்பலால் மக்கள் இழக்கலாமா என்பது வழக்கமான மறுமொழி. தீர்ப்புப் பெற்ற குடிமகனும் மக்களுள் ஒருவர்தானே? 2012இல் அஞ்சல் துறையின் 427 நாள் தாமதத்தை மன்னிக்க மறுத்தபோதே, அரசுக்கெனத் தனிக் காலவரையறை இல்லை என்று உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்திவிட்டது. 2020இல் மத்தியப் பிரதேச அரசு 663 நாள்கள் பிந்தி வந்தபோது 25,000 ரூபாய் செலவுத்தொகை விதித்து, பொறுப்பான அலுவலர்களிடமிருந்து அதை வசூலிக்கவும் ஆணையிட்டது. 2024இல், நில இழப்பீடு தொடர்பாக 5,659 நாள்கள் பிந்தி வந்த வாரிசுகளுக்கும் அது இரங்கவில்லை. தனிமனிதருக்கு அவ்வளவு கண்டிப்பான அளவுகோல், ஆள்பலமும் வழக்கறிஞர் பட்டியலும் கொண்ட வாரியத்திற்கு மட்டும் எந்த நீதிமன்றத்திலும் நெகிழலாகாது.

தாமத மனு முடிவாகி மேல்முறையீடு விசாரணைக்கு ஏற்கப்படும் வரை தீர்ப்பாணை நிறைவேற்றத்திற்குத் தடை வழங்கலாகாது என்பது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 41ஆம் கட்டளை, 3அ விதி. ஆனாலும் ‘மேல்முறையீடு நிலுவையில் உள்ளது’ என்ற ஒரு வரி, நிறைவேற்று நீதிமன்றத்தில் வாய்தா வாங்கப் போதுமானதாகிவிடுகிறது.

வேண்டுவன நான்கு. மனுவில் ஒவ்வொரு கட்டத் தாமதத்துக்கும் நாளும் பொறுப்பாளரும் குறிக்கப்பட வேண்டும். சுவாதீனத்தில் இருப்பவர் தாமத நாள்களுக்குரிய அனுபவ வருவாயை முன்கூட்டியே நீதிமன்றத்தில் கட்ட வேண்டும். மேல்முறையீடு தோற்றால் அது வென்றவரைச் சேர வேண்டும். தாமத மனு மாதக் கணக்கில் முடிய வேண்டும், ஆண்டுக் கணக்கில் அன்று. தீர்ப்பு நகலின் இறுதியில், எந்த நீதிமன்றத்தில் எத்தனை நாள்களுக்குள் மேல்முறையீடு செய்யலாம் என்பதை வழக்காடுபவரின் மொழியில் அச்சிட வேண்டும்.

கடைசிக் கோரிக்கை ஏழைகளுக்கானது. அறியாமல் பிந்தியவரையும் ஆதாயத்திற்காகப் பிந்தியவரையும் ஒரே சொல்லால் மன்னிக்கும் வரை, அச்சொல்லின் பயன் இரண்டாமவருக்கே போய்ச் சேரும்.